சத்தத்துக்குள் ஒரு கணக்கு: ஸ்கூட்டர் பற்றி வாசகர் கேள்விகள்

ஜெர்மனியின் டெக்னோ (மின்னணு நடன இசை) குழுவான ஸ்கூட்டரைப் பற்றிப் போன இதழில் நான்கு வரிதான் எழுதினோம். 'அதுவும் ஒரு இசையா' என்று சிலர், 'ஏன் நான்கே வரி' என்று சிலர். கோபத்தைத் தள்ளிவிட்டு, கேள்வியாக வந்தவற்றை மட்டும் இங்கே எடுத்துக்கொள்கிறோம்.

கேள்வி: ஸ்கூட்டர் என்பது தனி ஆளா, குழுவா? எங்கே ஆரம்பித்தார்கள்?

குழுதான். ஆனால் ஊருக்குத் தெரிந்த முகம் ஒன்றே ஒன்று: வெளுத்த தலைமுடியும் கையில் மைக்குமாக நிற்கும் ஹெச்.பி. பாக்ஸ்டர். இயற்பெயர் ஹான்ஸ் பீட்டர் கேர்டெஸ். 1964ல் ஜெர்மனியின் வடமேற்கு மூலையில், லேர் என்ற ஊரில் பிறந்தவர்.

இவர் எடுத்த எடுப்பில் கத்த ஆரம்பித்தவர் அல்ல. 1986ல் ரிக் ஜே. ஜோர்டான் என்ற கீபோர்டு கலைஞரோடு சேர்ந்து ஹனோவரில் 'செலிப்ரேட் த நன்' என்ற குழுவை நடத்தினார். சோகமும் நளினமும் கலந்த சிந்த்-பாப், அதாவது மின்னணு கீபோர்டை நம்பிய பாப் பாடல்கள். 'வில் யூ பி தேர்' என்ற பாட்டு 1990ல் அமெரிக்க நடன அரங்குப் பட்டியல்வரை போனது. அதற்கு மேல் அந்த வண்டி ஓடவில்லை. இருவரும் ஹாம்பர்க் போய், ஃபெரிஸ் புய்லரையும் மேலாளர் யென்ஸ் தேலெயையும் சேர்த்துக்கொண்டு, 'த லூப்!' என்ற பெயரில் மற்றவர்களின் பாடல்களுக்கு ரீமிக்ஸ் செய்து பிழைத்தார்கள்.

ஸ்கூட்டர் என்பது முதலில் அப்படிச் செய்த ஒரு வேலைக்கு வைத்த பெயர்தான். 1993ல் 'வலே த லார்ம்' என்ற இசைத்துண்டை மறுபடி செய்து இந்தப் பெயரில் விட்டார்கள். 1994ல் 'ஹைப்பர் ஹைப்பர்' வந்தது. ஜெர்மன் பட்டியலில் 2ஆம் இடம். அதன்பின் பெயரை மாற்ற யாருக்கு மனம் வரும்?

கேள்வி: 'ஹைப்பர் ஹைப்பர்' பாட்டில் மனிதர் ஏதோ பட்டியல் வாசிக்கிறாரே, அது என்ன?

டி.ஜே.க்களின் பெயர்ப் பட்டியல். வெஸ்ட்பாம், மருஷா, கார்ல் காக்ஸ், ஸ்வென் வேத், லோரான் கார்னியே என்று அன்றைய டெக்னோ உலகின் பெரிய தலைகளை வரிசையாகக் கூப்பிட்டு வணக்கம் வைக்கிறார். இசைக்கு அடித்தளம், அல்ட்ரா-சோனிக் என்ற ஸ்காட்லாந்துக் குழுவின் 'அனைஹிலேட்டிங் ரிதம்'.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. பட்டியலில் இருப்பவர்கள் இருட்டு அரங்குகளில், பாடகரே இல்லாமல், மணிக்கணக்கில் ஓடும் இசைக்குப் பேர்போனவர்கள். அந்த வட்டாரத்தின் தீவிர ரசிகர்களோ இந்தப் பாட்டை வணிகக் கூத்து என்று முகம் சுளித்தார்கள். வணக்கம் வாங்கிக்கொள்ள மறுத்த வீட்டு வாசலில் முப்பது வருடமாக ஸ்கூட்டர் நிற்கிறது என்று சொல்லலாம். நிற்பதில் அவர்களுக்குக் கூச்சமும் இல்லை.

1994ன் சூழலையும் சேர்த்துப் பாருங்கள். பெர்லினில் லவ் பரேடு என்ற டெக்னோ தெரு ஊர்வலம் 1989ல் சுமார் 150 பேரோடு தொடங்கியது. ஐந்தே ஆண்டில் டெக்னோ ஜெர்மனியின் வெகுஜன இசையாகிவிட்டது. அதே 1994ல் மருஷா 'சம்வேர் ஓவர் த ரெயின்போ' என்ற பழைய திரைப்பாடலை வேகத்தாளத்தில் ஏற்றி வெற்றி பெற்றார். மார்க் ஓ, ஒரு பழைய ஜெர்மன் பாட்டின் மெட்டை 'டியர்ஸ் டோன்ட் லை' ஆக்கி முதலிடம் பிடித்தார். தெரிந்த மெட்டு, தெரியாத வேகம் என்ற வழியை ஸ்கூட்டர் கண்டுபிடிக்கவில்லை. அதை விடாமல் பிடித்துக்கொண்டவர்கள் அவர்கள்.

கேள்வி: அவர்கள் பாடல்கள் எல்லாமே திருட்டுதானே? எப்படி வழக்கில் மாட்டாமல் இருக்கிறார்கள்?

திருட்டு என்ற சொல்லை எடுத்துவிடுங்கள். இரவல் என்றால் ஒத்துக்கொள்கிறோம். சொல்லிவிட்டு, காசு கொடுத்து வாங்கும் இரவல். வித்தியாசம் பெரியது, எடுத்துக்காட்டும் கைவசம் இருக்கிறது.

1992ல் லண்டனின் 'ஷட் அப் அண்ட் டான்ஸ்' குழு, மார்க் கோன் பாடிய 'வாக்கிங் இன் மெம்ஃபிஸ்' மெட்டை எடுத்து 'ரேவிங் ஐ'ம் ரேவிங்' என்று வெளியிட்டது. பிரிட்டனில் 2ஆம் இடம். ஆனால் உரிமை முறைப்படி வாங்கப்படவில்லை. தகராறு வந்து, பாட்டு விற்பனையிலிருந்து நின்றது. வருமானம் தர்மக் காரியத்துக்குப் போனது. நான்கே ஆண்டு கழித்து, 1996ல், ஸ்கூட்டர் அதே யோசனையில் 'ஐ'ம் ரேவிங்' வெளியிட்டது. இந்த முறை மூல ஆசிரியரின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் இருந்தது. பாட்டு ஓடியது.

உரிமை இரண்டு அடுக்கு. முதல் அடுக்கு, மெட்டும் வரியும்: அது இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும், அவர்கள் சார்பில் பதிப்பாளருக்கும் உரியது. இரண்டாம் அடுக்கு, அந்த மெட்டைப் பாடிப் பதிந்த ஒலிப்பதிவு: அது பொதுவாக இசைத்தட்டு நிறுவனத்தின் கையில். பழைய தட்டிலிருந்து ஒரு துண்டை வெட்டி ஒட்டினால் இரண்டு அடுக்கிலும் கதவைத் தட்ட வேண்டும். அதே மெட்டைப் புதிதாகப் பாட வைத்து, புதிதாக வாசித்துப் பதிந்தால் முதல் அடுக்கு மட்டும் போதும். ஸ்கூட்டரின் பெரிய வெற்றிகள் பெரும்பாலும் இந்த இரண்டாம் வழியில் போனவை.

முதல் அடுக்கிலும் ஜெர்மனியில் ஒரு நுணுக்கம் உண்டு. ஏற்கெனவே வெளியான பாட்டை உள்ளபடியே திரும்பப் பாடுவதற்கு கேமா என்ற உரிமைச் சங்கத்தின் உரிமம் போதும். ஆசிரியரைத் தேடிப்போக வேண்டியதில்லை. ஆனால் மெட்டை வெட்டி, பல்லவியை மட்டும் எடுத்து, நடுவில் நம் சொந்த வசனத்தைச் சேர்த்தால் அது 'தழுவல்'. அதற்கு ஆசிரியர் அல்லது பதிப்பாளரின் நேரடி அனுமதி வேண்டும். ஸ்கூட்டர் செய்வது கிட்டத்தட்ட எல்லாமே இந்த வகை. எனவே அனுமதிக் கடிதம் வராமல் பாட்டு வெளிவராது. பங்கு பிரிக்கும்போது மூல ஆசிரியர் பெரும் பங்கைக் கேட்பதும் சகஜம். கச்சேரி வருமானம் குழுவுக்கு, பாட்டின் ராயல்டி மெட்டுக்காரருக்கு என்று வைத்துக்கொண்டால் கணக்கு புரியும்.

யாரிடமிருந்தெல்லாம் வாங்கியிருக்கிறார்கள் என்று பார்த்தால் அவர்களின் காது எவ்வளவு அகலமானது என்று தெரியும். 1996ல் பில்லி ஐடலின் 'ரெபெல் யெல்'. 2001ல் சூப்பர்டிராம்ப் குழுவின் 1979ஆம் ஆண்டுப் பாட்டான 'த லாஜிக்கல் சாங்'. 2002ல் 'நெஸ்ஸாயா': பீட்டர் மஃபாய், டபாலுகா என்ற குட்டி டிராகனை வைத்துச் செய்த குழந்தைகளுக்கான இசைக் கதையிலிருந்து எடுத்தது. நெஸ்ஸாயா அதில் வரும் ஒரு வயதான ஆமை. வளரவே விரும்பாத மனதைப் பற்றிய மெல்லிய பாட்டை, நெஞ்சில் குத்தும் தாளத்தில் ஏற்றி ஜெர்மனியில் முதலிடம் பிடித்தார்கள். 2003ல் 'வீக்எண்ட்!', நெதர்லாந்தின் எர்த் அண்ட் ஃபயர் குழுவின் 1979 பாட்டு.

எல்லாவற்றிலும் சுவையானது 1998ல் வந்த 'ஹவ் மச் இஸ் த ஃபிஷ்?'. அந்தக் கோரஸ் மெட்டைக் கேட்டால் நூற்றாண்டுகள் பழைய கடலோடிப் பாட்டு என்று நினைப்பீர்கள். உண்மையில் 1929ல் பிரான்ஸின் பிரிட்டானிப் பகுதியில் இரண்டு இளவட்டங்கள் கட்டியது. ஆப்பிள் மதுவைப் பற்றிய பாட்டு. பெயர் 'சோன் அர் சிஸ்ட்ர்'. 1970ல் அலன் ஸ்டிவெல் யாழோடு பாடிப் பரப்பினார். 1976ல் நெதர்லாந்தின் பாட்ஸ் குழு டச்சு வரிகள் போட்டு, கூடிக் குடித்துக் கூடி உழைக்கும் தோழமைப் பாட்டாக மாற்றியது. பிறகு அது ஜெர்மன் மொழிக்கும் போய், கூட்டங்களில் எல்லோரும் சேர்ந்து பாடும் பாட்டானது. ஸ்கூட்டர் கைக்கு வரும்போது கேட்பவர்களில் பாதிப் பேருக்கு மெட்டு ஏற்கெனவே மனப்பாடம். மீனைப் பற்றிய கேள்விக்கு அர்த்தம் தேடாதீர்கள். சத்தத்துக்காக வைத்த வரி.

கேள்வி: இரண்டே வினாடித் துண்டை எடுத்தால்கூடவா அனுமதி வேண்டும்?

வேண்டும் என்று நினைத்துக்கொள்வதே பத்திரம். இந்தக் கேள்விக்காகவே ஜெர்மனியில் இருபது ஆண்டுக்கு மேல் ஒரு வழக்கு நடந்திருக்கிறது. மின்னணு இசையின் முன்னோடியான கிராஃப்ட்வெர்க் குழுவின் 1977ஆம் ஆண்டு 'மெட்டால் அவுஃப் மெட்டால்' என்ற இசையிலிருந்து சுமார் இரண்டு வினாடித் தாளத்தை, தயாரிப்பாளர் மோசஸ் பெல்ஹாம் 1997ல் சப்ரினா செட்லூரின் 'நூர் மியர்' பாட்டில் சுற்றவிட்டார். 2016ல் ஜெர்மன் அரசியல் சாசன நீதிமன்றம் கலைச் சுதந்திரத்தின் பக்கம் சாய்ந்தது. 2019ல் ஐரோப்பிய நீதிமன்றம், துண்டு எவ்வளவு சிறியதானாலும் ஒலிப்பதிவு உரிமையாளரின் அனுமதி தேவை, காதுக்கு அடையாளம் தெரியாதபடி மாற்றியிருந்தால் மட்டும் தேவையில்லை என்றது. 2021ல் ஜெர்மனி தன் சட்டத்தில் பகடிக்கும் பாவனைக்கும் தனி விதி சேர்த்தது. விதி எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்பது வழக்கறிஞர்களுக்குச் சோறு போடும் விஷயம். புதிதாக வாசித்துப் பதிவது அதைவிட மலிவு.

கேள்வி: பாடல்களில் வரும், கீச்சென்று உயர்ந்த அந்த அணில் குரல் எப்படி வருகிறது? என் கணினியில் சுருதியை ஏற்றினால் குரல் மெலிகிறதே தவிர அந்தத் துள்ளல் வரவில்லை.

இதைக் கேட்டவர்தான் இந்த இதழின் நல்ல மாணவர். கொஞ்சம் நிதானமாகவே பார்ப்போம்.

பழைய முறையில் வேகமும் சுருதியும் ஒட்டிப் பிறந்தவை. 33⅓ சுற்றில் ஓட வேண்டிய இசைத்தட்டை 45ல் ஓடவிட்டால் வேகம் 1.35 மடங்கு, சுருதியும் கூடவே 5.2 செமிடோன் ஏறும். செமிடோன் என்றால் கீபோர்டில் கறுப்பு வெள்ளை இரண்டையும் சேர்த்து எண்ணும்போது ஒரு கட்டை. நிமிடத்துக்கு 107 அடி போகும் பாட்டு இப்படி ஓடினால் 144 அடியைத் தாண்டும். டெக்னோ வேகத்துக்கு அது கிட்டத்தட்டச் சரி. அணில் குரல் பிறந்த இடம் இதுதான்.

உங்களுக்குத் துள்ளல் வராததற்கு முதல் காரணம், மென்பொருள் அதிபுத்திசாலியாக இருப்பது. நம் தொண்டையும் வாயும் ஒரு பெட்டி மாதிரி. சில அலைவரிசைகளைத் தூக்கிக் கொடுக்கும். அந்தத் தூக்கலுக்கு ஃபார்மன்ட் என்று பெயர். தட்டை வேகமாகச் சுற்றும்போது சுருதியோடு இந்தத் தூக்கலும் மேலே போகிறது. அதனால்தான் சின்ன வாய், சின்னத் தொண்டை கொண்ட ஏதோ ஒரு பிராணி பாடுவது போலக் கேட்கிறது. இன்றைய மென்பொருள்கள் குரல் கெடக்கூடாது என்று ஃபார்மன்டைப் பிடித்து நிறுத்திவிடுகின்றன. அந்த 'ஃபார்மன்ட் பாதுகாப்பு' வசதியை அணையுங்கள். அல்லது வேகம், சுருதி இரண்டும் சேர்ந்தே மாறும் 'ரீ-பிட்ச்' முறைக்கு மாற்றுங்கள். பாதி நோய் அங்கேயே போய்விடும்.

மீதி நோய் கணக்கில். முடிவில் பாட்டு 145 வேகத்தில் இருக்க வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். பாடகியை 120ல் பாட வைத்து 145க்கு இழுத்தால் ஏற்றம் 3.28 செமிடோன். அந்த 0.28தான் வில்லன்: மூன்றிலும் இல்லாமல் நான்கிலும் இல்லாமல் குரல் தொங்கும், எந்த வாத்தியத்தோடும் சேராது. எனவே தலைகீழாகக் கணக்குப் போடுங்கள். எத்தனை செமிடோன் ஏற்றுவது என்று முதலில் முழு எண்ணாக முடிவு செய்யுங்கள். 3 என்றால் 145ஐ 1.189 ஆல் வகுக்க வேண்டும், 121.9 வரும். 4 என்றால் 1.26 ஆல் வகுக்க 115.1. 5 என்றால் 1.335 ஆல் வகுக்க 108.6. அந்த வேகத்தில்தான் பாடகிக்குத் தாளம் கொடுக்க வேண்டும். சுருதியும் அதே அளவு கீழே: பாட்டு ஏ மைனரில் முடிய வேண்டும், 5 செமிடோன் ஏற்றப் போகிறீர்கள் என்றால், பாடுவது ஈ மைனரில்.

5ஐத் தாண்டினால் சொற்கள் புரியாது, 3க்குக் குறைந்தால் ஏதோ தவறு நடந்த மாதிரி இருக்குமே தவிர வேண்டுமென்றே செய்த மாதிரி இருக்காது. நம் சிபாரிசு 4 அல்லது 5.

பாடும் விதமும் மாற வேண்டும். நல்ல பாடகிகள் நீளமான ஸ்வரத்தில் இயல்பாகவே குரலை அசைப்பார்கள், வினாடிக்கு ஐந்தரை முறை என்று வையுங்கள். 5 செமிடோன் ஏற்றியதும் அது ஏழுக்கு மேல் போய், ஆட்டின் கத்தல் மாதிரி ஆகும். அசைவு இல்லாமல் நேராகப் பிடிக்கச் சொல்லுங்கள். மெய்யெழுத்துகளை வழக்கத்தைவிட அழுத்தி, கொஞ்சம் இழுத்து உச்சரிக்கச் சொல்லுங்கள். வேகத்தில் அவைதான் முதலில் காணாமல் போகும். 'ஸ' ஒலி மட்டும் இதற்கு விதிவிலக்கு. பதியும்போது 6 முதல் 8 கிலோஹெர்ட்ஸில் இருக்கும் அந்தச் சீறல், ஏற்றிய பின் 8 முதல் 10.7 வரை போய்க் காதைக் கீறும். அதை அடக்கும் டீ-எஸ்ஸரைச் சுருதி ஏற்றிய பிறகு போடுங்கள். முன்னால் போட்டால் அது தவறான இடத்தில் காவல் காக்கும்.

கடைசியாக, ஒரே குரலை இரண்டு முறை தனித்தனியாகப் பாட வைத்து இடமும் வலமும் வையுங்கள். நகல் எடுத்து வைத்தால் அகலம் வராது. சத்தம் மட்டும் கூடும்.

கேள்வி: என் டெக்னோ பாட்டில் கிக் டிரம்மும் (தாளத்தின் அடி முழக்கம்) பேஸும் (கீழ்ச் சுருதி மெட்டு) சேர்ந்து சேறாகிறது. ஹெட்போனில் சரி, பெரிய ஸ்பீக்கரில் கந்தல்.

145 வேகத்தில் ஒரு அடிக்கும் அடுத்த அடிக்கும் இடையே 414 மில்லிவினாடி. இந்த வகைப் பாட்டில் பேஸ் விழுவது இரண்டு கிக்குக்கும் நடுவில், அதாவது 207வது மில்லிவினாடியில். உங்கள் கிக்கின் வால் அதற்கு மேலும் நீண்டால் இரண்டும் மோதும். சேறு அதுதான். கிக்கை 200க்குள் முடித்துவிடுங்கள். பெரிய அரங்கில் பதிந்த நீளமான கிக்கை எடுத்து வேகப் பாட்டில் போடுவதுதான் பெரும்பாலானோர் செய்யும் பிழை. 125ல் அழகாக இருப்பது 145ல் இருக்காது.

கிக்கின் அடிச் சுருதியைப் பாட்டோடு சேருங்கள். ஏ என்றால் 55 ஹெர்ட்ஸ், ஜி என்றால் 49. எஃப் என்றால் 43.7, அது பல ஸ்பீக்கர்களின் எல்லைக்குக் கீழே, வயிற்றில் உணர வேண்டியது வராமலே போகும். எனவே பாட்டின் சுருதியைத் தேர்ந்தெடுக்கும்போதே இதையும் யோசியுங்கள். கிக் தவிர்த்த மற்ற வாத்தியங்களில் 120 ஹெர்ட்ஸுக்குக் கீழே இருப்பதை வெட்டுங்கள், பேஸுக்கு மட்டும் விலக்கு. கிக் அடிக்கும்போது பேஸும் சிந்தும் தானாக ஒதுங்க சைட்செயின் போடுங்கள். திரும்பி வரும் நேரம் 120 முதல் 150 மில்லிவினாடி. அதைவிட நீண்டால் நடு அடியில் விழ வேண்டிய பேஸும் சேர்ந்து அமுங்கும்.

ஹெட்போனில் சரியாக இருந்து ஸ்பீக்கரில் கெடுவதற்குத் தனிக் காரணம் உண்டு. பரந்து விரிந்த அந்த சிந்த் ஒலி, ரோலண்ட் ஜேபி-8000 கருவியால் பிரபலமான சூப்பர்ஸா. ஏழு ரம்ப அலைகளைக் கொஞ்சம் கொஞ்சம் சுருதி பிசகவைத்து அடுக்குவது. இடது வலது என்று பரப்பி வைத்தால் பிரமாதம். ஆனால் பல அரங்குகளில் ஒலி ஒற்றைத் தடத்தில்தான் போகும். அங்கே அலைகள் ஒன்றையொன்று அழித்து, மெட்டே மெலிந்துவிடும். முடிப்பதற்கு முன் மோனோ பொத்தானை அழுத்திக் கேளுங்கள். மெட்டு காணாமல் போனால் பிசகலைக் குறைத்து, நடு அலையின் அளவைக் கூட்டுங்கள்.

கேள்வி: மேடையில் உண்மையாகவே பாடுகிறார்களா?

பாக்ஸ்டரின் முழக்கம் நேரடி. அணில் குரல் பதிவிலிருந்து வரும். எந்தத் தொண்டையும் அதை மேடையில் செய்ய முடியாது என்பதை மேலே பார்த்தோம். மேடையில் சீறும் நெருப்பு மட்டும் நிச்சயம் அசல்.

கேள்வி: ஆட்கள் மாறிக்கொண்டே இருக்கிறார்களே, எப்படிப் பெயர் நிலைக்கிறது?

ஃபெரிஸ் புய்லர் 1998ல் விலக, ஆக்செல் கூன் வந்தார். 2002ல் அவர் இடத்துக்கு ஜே ஃப்ராக், 2006ல் மைக்கேல் சைமன். பெரிய விலகல் 2014ல்: தொடக்கம் முதல் ஒலியைக் கட்டிய ரிக் ஜே. ஜோர்டான் போனார். ஃபில் ஸ்பைசர் வந்தார், அவருக்குப் பின் செபஸ்டியன் ஷில்டெ. 2022ல் ஷில்டெயும் சைமனும் விலக, ஜே ஃப்ராக் திரும்பி வந்தார். மார்க் புளூ புதிதாகச் சேர்ந்தார்.

மாறாதவர்கள் இருவர். ஒருவர் மேடையில், இன்னொருவர் அலுவலகத்தில். மேலாளர் யென்ஸ் தேலெ, கோன்டோர் ரெக்கார்ட்ஸ் என்ற நடன இசை நிறுவனத்தின் தலைவரும்கூட. எந்த மெட்டை வாங்குவது, எப்போது விடுவது என்ற முடிவு குழுவுக்குள்ளேயே இருந்ததால், கீபோர்டில் யார் நின்றாலும் கடை ஒன்றுதான். ஜோர்டான் போன பிறகு ஒலியில் ஒரு மெருகு ஏறி, பழைய முரட்டுத்தனம் குறைந்தது என்பது நம் கட்சி. மறுப்பவர்கள் 1996ன் 'அவர் ஹேப்பி ஹார்ட்கோர்' தொகுப்பையும் 2014ன் 'த ஃபிஃப்த் சாப்டர்' தொகுப்பையும் அடுத்தடுத்துக் கேட்டுவிட்டு எழுதுங்கள்.

கேள்வி: ஜெர்மனிக்கு வெளியே யார் கேட்டார்கள்? மடோனாவை வீழ்த்தினார்கள் என்பது உண்மையா?

உண்மை. 2008 மே மாதம் பிரிட்டன் ஆல்பம் பட்டியலில் மடோனாவின் 'ஹார்ட் கேண்டி' முதலிடத்தில் இருந்தது. அதை இறக்கியது ஸ்கூட்டரின் 'ஜம்பிங் ஆல் ஓவர் த வேர்ல்ட்'. பிரிட்டன் பதிப்பில் பழைய வெற்றிப் பாடல்களையும் ஒரு தட்டாகச் சேர்த்துக் கொடுத்தது விற்பனைக்குக் கைகொடுத்தது. அதற்கு முன் 2002ல் 'த லாஜிக்கல் சாங்' அங்கே 2ஆம் இடத்திலும் ஆஸ்திரேலியாவில் முதலிடத்திலும் இருந்தது. பிரிட்டிஷ் ராக் குழுவான ஸ்டேட்டஸ் க்வோவும் தன் 1979 பாட்டை இவர்களோடு சேர்ந்து மறுபடி செய்தது.

அந்த 2007–08 காலத்துப் பாடல்களோடு வீடியோவில் எல்லோரும் காலை உதைத்துக் குதிக்கிறார்களே, அது ஜம்ப்ஸ்டைல். பெல்ஜியம், நெதர்லாந்து பக்கத்து நடனம். வேகம் 140 முதல் 150. தொண்ணூறுகளின் அதிவேக டெக்னோ வகையான ஹேப்பி ஹார்ட்கோர் 160க்கு மேல், 180 வரை. சந்தேகம் வந்தால் 15 வினாடி கிக்கை எண்ணி நான்கால் பெருக்குங்கள்: 36 எண்ணினால் 144, 43 எண்ணினால் 172.

கேள்வி: கிராஃப்ட்வெர்க் பிறந்த நாட்டில் இப்படி ஒரு குழுவா?

டூசல்டார்ஃபில் 1970ல் தொடங்கிய கிராஃப்ட்வெர்க் இயந்திரத்தைப் போல அசையாமல் நின்று பாடியது. ஸ்கூட்டர் அந்தப் பரம்பரை அல்ல. பிரிட்டனின் கே.எல்.எஃப். குழுதான் இவர்களின் குலதெய்வம்: மைதானக் கூச்சலை இசைக்குள் கொண்டுவந்தது, தன் பெயரைத் தானே முழங்குவது, அர்த்தமில்லாததைக் கம்பீரமாகச் சொல்வது எல்லாம் அங்கிருந்து வந்தவை. கே.எல்.எஃப். செய்ததில் 'த்ரீ ஏ.எம். எடர்னல்' உண்டு, ஸ்கூட்டர் 2012ல் ஒரு பாட்டுக்கு 'ஃபோர் ஏ.எம்.' என்று பெயர் வைத்தது. ஒரு மணி நேரம் தாமதமாக வந்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

கேள்வி: இதுவரை கேட்டதே இல்லை. எங்கே ஆரம்பிக்க?

'மரியா (ஐ லைக் இட் லவுட்)', 2003. மார்க் அகார்டிபேன், டிக் ரூல்ஸ் இருவரோடு செய்தது. மூலம் 1997ன் ஹார்ட்கோர் பாட்டு. அதில் இல்லாத, வரியே இல்லாமல் வாயால் பாடும் மெட்டுதான் இன்று ஐரோப்பியக் கால்பந்து மைதானங்களில் ஒலிக்கிறது. பிடித்தால் 'நெஸ்ஸாயா', பிறகு 'ஹவ் மச் இஸ் த ஃபிஷ்?'. மூன்றாவதைக் கேட்ட கையோடு அலன் ஸ்டிவெலின் 1970 பதிவைத் தேடிக் கேளுங்கள். யாழில் அந்த மெட்டு நடந்து போகும். ஹாம்பர்க்கில் அதற்குச் சக்கரம் கட்டினார்கள். இந்த மூன்றும் பிடிக்கவில்லை என்றால் மீதி ஆல்பங்களிலும் தேட வேண்டாம்.